வருகைக் குறைவு

நாளைக்குத் தேர்வு. வருகை போதாதென்று ஜெசிந்தாவுக்கு ஹால் டிக்கெட் தரவில்லை. மருத்துவக் கல்லூரியை அவள் கோர்ட்டுக்கு இழுத்திருந்தாள்.

"கேஸ் போட்ட பிறகும் இந்தப் பெண் திருந்தவில்லை, மை லார்ட். ஒவ்வொரு வாய்தா அன்றைக்கும் வகுப்புக்கு மட்டம்." கல்லூரி வக்கீல் வருகைப் பதிவேட்டைச் சாமி படம்போல இரண்டு கையாலும் ஏந்திக் காட்டினார்.

"அன்றைக்கெல்லாம் வகுப்பெடுத்தது யார்?" என்றார் நீதிபதி.

பேராசிரியர் வேதமாணிக்கம் கோட்டை இழுத்துவிட்டுக்கொண்டு எழுந்தார். "அடியேன்தான். இதுவரை ஒரு வகுப்புகூடத் தவறவிட்டதில்லை."

இதற்குத்தான் ஜெசிந்தா காத்திருந்தாள்.

"ஒவ்வொரு வாய்தாவுக்கும் சார் இங்கேதான் இருந்தார், ஐயா, எனக்குப் பின்பெஞ்சில். சார் வகுப்பெடுத்தது உண்மையென்றால் நானும் அந்த வகுப்பில்தான் இருந்திருக்கிறேன். எனக்கும் வருகை போடச் சொல்லுங்கள்."

நீதிபதி பேராசிரியரைப் பார்த்தார். பேராசிரியர் வக்கீலைப் பார்த்தார். வக்கீலோ பதிவேட்டை எங்கே வைப்பதென்று இடம் தேடிக்கொண்டிருந்தார்.