ஆறு மணி ஆட்டம்

வில்பிரட் சுண்டிவிட்ட ஸ்ட்ரைக்கர், ரெட் காயை நூலிழையில் தவறவிட்டு மூலைக்குப் போய் நின்றது. எதிரே உட்கார்ந்திருந்த மானேஜர் நல்லக்கண்ணு தொடையில் தட்டிக்கொண்டு சிரித்தார்.

"ஏலே, கிரேன்ல ஏறினா அம்புட்டுப் பெரிய பெட்டியை அலுங்காமத் தூக்கி வைக்கே. இத்துணூண்டு காயைக் குழிக்குள்ள தள்ள ஒனக்கு வக்கில்லியே!"

"உங்க அளவுக்கு வருமா சார்?" என்று வில்பிரட் பல்லைக் காட்டினான். உள்ளுக்குள் காறித் துப்பினான்.

தவறவிட்டது வேண்டுமென்றேதான். தூத்துக்குடி துறைமுகச் சாலையில் இருந்த அந்தக் கண்டெய்னர் யார்டில் கிரேன் ஓட்ட வருவதற்கு முன்பே, திரேஸ்புரம் கேரம் போட்டிகளில் கோப்பை கோப்பையாக வாங்கிய கை அது. ஆனால் யாருக்கு எந்த ஷிப்ட், யாருக்கு லீவு என்பதெல்லாம் மானேஜர் வாயில் இருக்கும்போது, அந்த மானேஜரை எவன் ஜெயிப்பான்?

ஆறு வருடமாக இதே கூத்து. சாயங்காலம் ஆறு மணிக்கு வேலை முடிந்து வில்பிரட் முகம் கழுவிக்கொண்டிருப்பான். "ஏலே, போர்டை எடுத்துப் போடு" என்று ஆபீஸ் அறையிலிருந்து சத்தம் வரும். யார்டில் அத்தனை பேர் இருந்தும் அவனை மட்டும்தான் கூப்பிடுவார்.

அவன் மனைவி பிளாரன்ஸுக்கு ஜவுளிக்கடையில் எட்டு மணிக்குத்தான் வேலை முடியும். அவளை ஸ்கூட்டரில் கூட்டிப் போவதற்கு முன் இருந்த அந்த இரண்டு மணி நேரம், முன்பெல்லாம் வில்பிரட்டின் ராஜ்யம். கூட்டாளிகளோடு கடைப்பக்கம் போனால் நேரம் போவதே தெரியாது. அவளைக் கூட்டிப் போக மறந்த நாட்கள்கூட உண்டு. நல்லக்கண்ணு கூப்பிட ஆரம்பித்ததிலிருந்து அதில் மண் விழுந்தது. கூட்டாளிகளும் அவனை மறந்தே போனார்கள்.

அந்த ஆட்டத்தையாவது ஒழுங்காக முடிக்கிற மனிதரா? கடிகார முள் எட்டை நெருங்கிவிட்டால், தான் ஜெயிக்கப் போகிற ஆட்டத்தைக்கூடக் கையால் கலைத்துவிட்டு, "போதும், கிளம்பு" என்பார். நாயை விரட்டுகிற மாதிரி.

"பொண்டாட்டி செத்துப் போன ஆளு. வீட்டுல தேடுததுக்கு ஒரு நாதி கிடையாது. அதான் எவன் கிடைப்பான்னு பாத்து நம்ம உயிரை வாங்குதான்" என்று வில்பிரட் வீட்டுக்கு வந்து புலம்புவான்.

"பெரிய மனுசரு கூப்பிட்டாரேன்னு ரெண்டு ஆட்டம் ஆடிட்டு வந்தா கொறஞ்சா போயிருவீய?" என்பாள் பிளாரன்ஸ். ஒருநாளும் அவன் பக்கம் பேசியதில்லை. சம்பளத்துக்குப் பயந்த ஜென்மம் என்று அவளையும் சேர்த்து இளக்காரமாக நினைத்துக்கொள்வான்.

ரெட் காயைத் தவறவிட்ட அந்த ஆட்டத்துக்கு மறுநாள் நல்லக்கண்ணு ரிட்டயர் ஆனார். மாலை போட்டார்கள், லட்டு கொடுத்தார்கள், இல்லாத குணத்தையெல்லாம் மைக்கில் சொன்னார்கள். வில்பிரட் கைதட்டவில்லை. எல்லோரும் கலைந்து போனதும் அதே சத்தம் வந்தது.

"ஏலே, போர்டை எடுத்துப் போடு."

நாளைக்கு இந்த ஆள் யாரோ, நான் யாரோ. வில்பிரட் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டான். பவுடரைத் தூவினான். முதல் அடியிலேயே இரண்டு வெள்ளைக் காய்கள் குழிக்குள் போயின. அடுத்தடுத்து மற்றவை. ரெட் விழுந்தது, அதைத் தொடர்ந்து கடைசி வெள்ளையும் விழுந்தது. நல்லக்கண்ணுவின் கைக்கு ஸ்ட்ரைக்கர் போகவே இல்லை.

"என்னலே இது, புதுசா இருக்கு?"

"புதுசில்ல. பழைய கைதான்." வில்பிரட் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தான். ஆறு வருடத்து 'சார்' அவன் வாயிலிருந்து உதிர்ந்து போயிருந்தது. "இத்தனை நாளா ஒமக்காக வேணும்னே தோத்தேன் வே. பகல் முழுக்க ஒம்மகிட்ட வேலை பாக்கணும். பெறவு நீரு விளையாடணும்னா அதுக்கும் நான்தான் வரணுமா? ஒமக்கு இது விளையாட்டு. எனக்கு ஓவர்டைம் வே, ஓசி ஓவர்டைம்!"

அந்த முகம் சுருங்கிப் போவதைப் பார்க்க ஆசையோடு காத்திருந்தான். முகம் சுருங்கவில்லை. நல்லக்கண்ணு விரலில் ஒட்டியிருந்த பவுடரை நிதானமாகத் தட்டிவிட்டு, எப்போதும் பார்க்கிற அதே ஏளனத்தோடு அவனை ஏற இறங்கப் பார்த்தார்.

"விளையாட்டா? எனக்குக் கேரம்னாலே ஆகாதுலே. அந்தச் சத்தத்தைக் கேட்டா மண்டை வலிக்கும். அதுலயும் ஒன்னைய மாதிரி ஆள்கூட எவன் விளையாடுவான்?"

வில்பிரட்டுக்கு ஒன்றும் புரியவில்லை. "பெறவு எதுக்கு வே என்னைய தினமும் புடிச்சு வச்சீரு?"

நல்லக்கண்ணு எழுந்து, மேசை மேல் கிடந்த மாலையை எடுத்துக் கையில் சுற்றிக்கொண்டார். வாசல்வரை போனவர் திரும்பினார்.

"நீ குடிக்கப் போயிராம எட்டு மணி வரைக்கும் எப்படியாவது புடிச்சு வையுங்கன்னு, ஒன் பொண்டாட்டில்லா இங்கன வந்து அழுதா!"