மாடிவீட்டு அண்ணனின் கணக்கு

வீட்டுக் கடன் விண்ணப்பத்தில் கணவன் கையெழுத்துப் போடப்போன நேரம் பார்த்து, மாடிவீட்டு அண்ணன் கால்குலேட்டரும் கையுமாக வந்து உட்கார்ந்தார்.

“தம்பி, நீ வாங்குறது முப்பது லட்சம். இருபது வருஷத்துல கட்டப்போறது அறுபத்தஞ்சு! ஒரு வீட்டுக்கு ரெண்டு வீட்டுக் காசு!”

“அவ்வளவா?” மனைவிக்குத் தூக்கிவாரிப் போட்டது.

“முதல் அஞ்சு வருஷம் கட்டுறதுல முக்கால்வாசி வட்டிக்கே போயிடும்மா. அசல் இடிச்சபுளி மாதிரி அப்படியே உட்கார்ந்திருக்கும்.”

“உங்களுக்கு எப்படிண்ணே இவ்வளவு விவரம்?” என்றான் கணவன்.

“பட்டவன் சொல்றேன், கேட்டுக்கோ.”

விண்ணப்பம் நாலாகக் கிழிந்தது. “கூடப்பிறந்தவங்ககூட இவ்வளவு அக்கறையா சொல்லமாட்டாங்கண்ணே” என்று கண்கலங்கிய மனைவி, அவருக்கு இரண்டாவது தேநீரும் கொடுத்தாள்.

குடித்துவிட்டு அண்ணன் மாடியேறினார். வாசலிலேயே அவர் மனைவி மறித்தாள்.

“என்னங்க ஆச்சு? வீடு வாங்கப் போறாங்களா?”

“கிழிச்சே போட்டுட்டாங்க! இனி எங்கேயும் போகமாட்டாங்க.”

“அப்பாடா! நம்ம வீட்டுக் கடன் முடிய இன்னும் பதினாறு வருஷம் இருக்கு. அவங்க வாடகை நின்னுபோனா, யாருங்க கட்டுறது?”