கணவாய்க் கன்னி

ரப்பர் தோட்டங்கள் சூழ்ந்த கிள்ளான் ஊரின் திருவிழாத் திடலில் பிற்பகல் வெயில் கூடாரத் துணியின் வழியே மஞ்சளாக இறங்குகிறது. மரத்தொட்டித் தண்ணீரில் புஷ்பவல்லி இடுப்பளவு நனைய உட்கார்ந்திருக்கிறாள். முகத்தில் நீலச்சாயம். இடுப்பைச் சுற்றிக் கணவாய்மீன் கால்கள் எட்டு, எல்லாம் பஞ்சு அடைத்த சைக்கிள் டியூப்கள். திரைக்குப் பின்னால் அவள் புருஷன் நாகையா கயிற்றை இழுக்க இழுக்க அவை நெளிகின்றன. கடலுக்கடியில் பிறந்த கன்னி, மனுஷ பாஷை அறியாதவள் என்று வாசலில் கூவுகிறார்கள். அதனால் அவள் வாய் திறக்கக் கூடாது. சிரிப்பவர்களும் கடலைத்தோலை எறிபவர்களும் அவளுக்குப் பழகிப்போனவர்கள். இப்போது முன்னால் நிற்பவள் சிரிக்கவில்லை. சேலையெல்லாம் ரப்பர் பால் கறை படிந்த தோட்டத்துப் பெண். முந்தானையைப் போர்த்திக் கைகூப்பித் தொட்டியருகே குனிகிறாள்.

“தாயே, எங்க வீட்டுக்காரரு ஊர்லேருந்து இங்க கப்பல்ல வரும்போதே காய்ச்சல்ல போயிட்டாரு. சாக்குல கட்டிக் கடல்ல எறக்கிட்டாங்க. நீ அங்கதானே இருக்கே, பாத்தியா? தனியா கெடக்காரா?”

நானும் உன்னைப்போல் தோட்டத்துக்காரிதான் என்று சொல்ல வாயெடுத்த புஷ்பவல்லி அடக்கிக்கொள்கிறாள். குனிந்தால், தண்ணீருக்குள் மடங்கிய தன் சொந்தக் கால்கள் தெரிகின்றன. அவசரமாக நீரைக் கலக்கி அவற்றை மறைக்கிறாள். திரைக்குப் பின்னால் இது எதுவும் காதில் விழாத நாகையா வழக்கம்போலக் கயிற்றை இழுக்கிறான். ஒரு ரப்பர் கால் சொட்டச் சொட்ட எழுந்து அந்தப் பெண்ணை நோக்கி மெல்ல நீள்கிறது. அவள் அதன் நுனியைப் பிடித்துக் கண்களில் ஒற்றிக்கொள்கிறாள்.

“அவருக்குத் தொணைக்கு நீ இருக்கே. அது போதும் தாயே.”