கரண்டிச் சத்தியம்

உட்காரச் சொன்னார் நீதிபதி. பெரியவர் உட்காரவில்லை.

பொய்ப் புகார் கொடுத்தவன் என்று பேர் வாங்கிய இடத்தில் அவர் முதுகு வளையாது.

பூட்டிக் கிடந்த பூர்வீக வீட்டிலிருந்து அம்மாவின் தையல் மெஷின் காணாமல் போயிருந்தது. புகார் கொடுத்தார். போலீஸ் அலைக்கழித்துவிட்டு, திருட்டே நடக்கவில்லை, புகார் பொய் என்று அறிக்கை எழுதி வழக்கை மூடப் பார்த்தது. ஆட்சேபணை உண்டா என்று கோர்ட் அவரைக் கூப்பிட்டுக் கேட்டது.

இல்லாமலா? அவர் பரம்பரையில் பொய் சொல்லிப் பிழைத்தவர் யாரும் கிடையாது.

வக்கீல் வழிகளைச் சொல்லியிருந்தார். ஆட்சேப மனு போடலாம். வேறு அதிகாரியை வைத்து மறுபடி விசாரிக்கச் சொல்லலாம். நீதிபதியே சாட்சிகளை நேரில் விசாரிக்கக் கேட்கலாம். அதுவும் போதாதென்றால் மேல்கோர்ட். எல்லாப் படியும் ஏறுவோம் என்று சொல்லிவிட்டார் பெரியவர். கையெழுத்துப் போட்ட மனு வக்கீல் கையில் தயாராக இருந்தது.

புகார் பொய் என்பதற்கு என்ன ஆதாரம் என்று நீதிபதி இன்ஸ்பெக்டரைக் கேட்டார்.

அவர் அடுக்கினார். பூட்டு உடையவில்லை. சாவி போட்டுத் திறந்து, மறுபடி பூட்டியிருக்கிறது. சாவி இரண்டுதான், இரண்டும் தன்னிடம்தான் என்று பெரியவரே சொல்லியிருக்கிறார். பிறகு சிரிப்பை அடக்கிக்கொண்டு சொன்னார்.

"எந்தத் திருடனுங்க தண்ணி குடிச்சுட்டு, டம்ளரைக் கழுவி ஜன்னல்ல கவுத்து, அது மேல குறுக்கால கரண்டியையும் வெச்சுட்டுப் போவான்?"

கோர்ட்டே சிரித்தது.

பெரியவருக்குச் சிரிப்பு கேட்கவில்லை. தையல் மெஷின் ஓடும் சத்தம் கேட்டது.

அம்மா கைச்சக்கரத்தைச் சுற்றிக்கொண்டே, துணியிலிருந்து கண்ணை எடுக்காமல் கேட்பாள், டம்ளரைக் கழுவாமல் கவிழ்த்தது யார் என்று. பிள்ளைகள் மூவரும் ஒருவரை ஒருவர் கைகாட்டுவார்கள்.

அதற்குத்தான் அந்தச் சட்டம் வந்தது. கழுவியவர் மட்டுமே மேலே கரண்டி வைக்கலாம். வைத்தால், அம்மாமேல் சத்தியம்.

அவரும் தம்பியும் கழுவாமலே எத்தனையோ சத்தியம் செய்திருக்கிறார்கள். தங்கச்சி ஒரு தடவைகூடப் பொய்ச் சத்தியம் செய்ததில்லை. கவிழ்த்துப் போட்ட மெஷின் பெட்டிமேல் உட்கார்ந்துகொண்டு, அண்ணன்கள் இருவரையும் மாட்டிவிடுவாள். பழைய ஜன்னல் திரையை வெட்டி அம்மா மூவருக்கும் ஒரே மாதிரி சட்டை தைத்துப்போட்ட வருஷம், காற்றடித்தால் மூவரும் பறக்கப்போகிறீர்கள் என்று அப்பா கேலி செய்தார்.

பறந்தது தங்கச்சிதான். தம்பி போய்ச் சேர்ந்துவிட்டான். தனக்குப் பிடித்தவனோடு படியிறங்கிய நாளிலிருந்து அவள் அந்த வீட்டுக் கணக்கிலேயே இல்லை. அவள் பேரை எடுக்க அவர் யாரையும் விட்டதில்லை.

எத்தனை டம்ளர் என்று பெரியவர் இன்ஸ்பெக்டரைக் கேட்டார்.

"ரெண்டுங்க. ஒண்ணு சின்னப் புள்ளைங்க குடிக்கிறது. அதுக்கு மேலயும் ஒரு கரண்டி."

வக்கீல் மனுவை நீட்ட எழுந்தார். பெரியவர் அதை வாங்கி நாலாக மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டார். ஆட்சேபணை இல்லை, எங்கள் வீட்டில் திருட்டு நடக்கவில்லை என்றார். அப்படியானால் புகார் பொய் என்றே பதிவாகும் என்று நீதிபதி எச்சரித்தார். ஆகட்டும் என்றார்.

முதுகு அப்போதும் வளையவில்லை.

வெளியே வந்ததும் வக்கீல் தலையில் அடித்துக்கொண்டார். அந்தத் துருப்பிடித்த பூட்டை இத்தனை வருஷமாக மாற்றாமல் வைத்திருக்கும் கஞ்சத்தனத்தைச் சொந்தக்காரர்கள் பேசாத நாளில்லை, இனியாவது மாற்றித் தொலையுங்கள், யாரிடமோ மூன்றாவது சாவி இருக்கிறது என்றார்.

இருக்கிறது. படியிறங்கும்போது அவள் இடுப்பில் செருகியபடியே கொண்டுபோன, அவளைப் போலவே அவர் கணக்கில் சேர்க்காத சாவி.

"பூட்டை மாத்த வேண்டாம்," என்றார் பெரியவர். "எண்ணெய் மட்டும் விடணும். ரொம்ப இறுகிக் கிடக்கு."