தொண்டை கட்டிய பிரசாரம்

கோர்ட்டில் வாய் திறக்கவே யோசித்த வக்கீல், தேர்தலில் ஜெயித்ததிலிருந்து மைக்கை விடுவதாக இல்லை. ஜெயித்து ஒரு வருஷம் நிறைந்ததற்கான பாராட்டுக் கூட்டத்தில் தையல்காரம்மாவை மேடைக்கே அழைத்துவிட்டார்.

"ஒரு டீகூட வாங்கிக் குடிக்காம, தொண்டை கட்ட எனக்கு ஓட்டுக் கேட்டவங்க! இவங்க வீட்டு கேஸை நான்தான் நடத்தினேன். இனி மகளிர் அணித் தலைவி இவங்கதான். என் மேல அப்படியென்ன நம்பிக்கைன்னு நீங்களே சொல்லுங்கம்மா!"

கைதட்டல் அடங்கியதும் அவள் மைக்கை வாங்கினாள்.

"பதவியெல்லாம் வேணாங்கய்யா. என் கேஸுக்கு வாய்தா மேல வாய்தா வாங்கினீங்க. கேஸ் கட்டைத் திருப்பிக் கேட்டா, 'நான் இருக்கேன்ல'ன்னு குடுக்கவே மாட்டீங்க. நீங்க ஜெயிச்சு கோர்ட்டுக்கு வர்றதை விட்டாத்தானே அது வேற வக்கீல் கைக்குப் போகும்? அதுக்குத்தான் தெருத்தெருவா அலைஞ்சேன். புது வக்கீல் வந்த வேகத்துல முடிச்சுட்டார். வீடு எங்களுக்கே வந்துடுச்சு. அதைப் பார்க்கத்தான் என் புருஷன் உயிரோட இல்ல."

வக்கீல் அசட்டுச் சிரிப்போடு மைக்குக்குக் கை நீட்டினார். அவள் விடவில்லை.

"அடுத்த தேர்தல்லயும் உங்களுக்குத்தான் ஓட்டுக் கேட்பேன், வக்கீலய்யா. நீங்க விட்டுட்டுப் போன என் தங்கச்சி கேஸ் இன்னும் கோர்ட்லதான் இருக்கு. தயவுசெஞ்சு தோத்து மட்டும் போயிடாதீங்க!"