வேலைக்காரியின் பேச்சு

"நமக்கு இங்கிலீஷ் தெரியுமான்னு அவங்க சோதிச்சுப் பாக்கணுமாம். இந்த அநியாயத்தை எங்க போய்ச் சொல்றது?"

வெர்னெல் பொருமிக்கொண்டே ஜன்னல்களை ஒவ்வொன்றாகச் சாத்தினாள். தெருமுனையில் மீன்காரன் சங்கை ஊதி, தீவின் நாட்டுப் பேச்சான கிரியோலில் கூவி விற்றுக்கொண்டிருந்தான். லண்டனிலிருந்து கம்ப்யூட்டர் வழியாக நேர்முகத் தேர்வு ஆரம்பிக்கப் போகிற நேரம். அந்தக் கூச்சல் உள்ளே வரக் கூடாது.

அடுப்படியில் கருவாட்டு வடை பொரித்துக்கொண்டிருந்த தங்கை ஒடெட் எட்டிப் பார்த்தாள்.

"எல்லாத்தையும் சாத்திட்டா உள்ளேயே வெந்துடுவோம்க்கா. மீன் வாசனை லண்டன் வரைக்குமா போகப் போகுது?"

"வாசனை போகாது. பேச்சு போகும். நீயும் வாயைத் திறக்காதடி. திறந்தா உனக்குக் கிரியோல்தான் கொட்டும்."

இதை அவள் சொன்னதும் கிரியோலில்தான். ஆனால் வீட்டுக்குள் மட்டும். வாசற்படி தாண்டினால் வெர்னெலுக்கு இங்கிலீஷ்தான்.

அவள் கோபத்தில் நியாயம் இல்லாமல் இல்லை. செயின்ட் லூசியா தீவில் பிறந்து, இங்கிலீஷிலேயே படித்து, இங்கிலீஷிலேயே மருந்துச் சீட்டு பார்த்து நர்ஸ் உத்தியோகம் செய்தவள் அவள். அவளைப் போய் இங்கிலீஷ் பரீட்சை எழுதச் சொன்னார்கள். எழுதித் தேறியும் விட்டாள். ஆத்திரம்தான் ஆறவில்லை. பள்ளிக்கூடத்தில் கிரியோலில் ஒரே ஒரு வார்த்தை பேசியதற்காக அவள் கழுத்தில் மரக்கட்டையைக் கட்டித் தொங்கவிட்டு முற்றத்தில் நிறுத்தினார்கள். வேறொரு பிள்ளை அதே தப்பைச் செய்து மாட்டும்வரை கட்டை இறங்காது. அத்தனையும் பட்டுக் கற்ற மொழியை இன்று அந்த மொழிக்காரர்களே சந்தேகப்பட்டால் யாருக்குத்தான் வயிறு எரியாது?

ஆனாலும் பல்லைக் கடித்துக்கொண்டாள். மகள் கைலா லண்டனில் அப்பாவோடு இருக்கிறாள். முதியோர் இல்லத்தில் இந்த வேலை கிடைத்தால்தான் வெர்னெலுக்கு விசா. முன்பெல்லாம் போனில் அம்மா எப்போது வருவாய் என்று கேட்டுக்கொண்டே இருந்த பெண், இப்போது கேட்பதையே விட்டுவிட்டாள்.

திரையில் திருமதி ஹாலண்ட் தோன்றினார். இல்லத்தின் பொறுப்பாளர். சிரித்த முகம். படுக்கைப் புண் பற்றி, சாப்பிட மறுக்கும் கிழவர்களைச் சமாளிப்பது பற்றியெல்லாம் கேட்டார். வெர்னெல் வானொலியில் செய்தி வாசிப்பவர் போல ஒவ்வொரு சொல்லையும் துலக்கி வைத்துப் பதில் சொன்னாள். அந்த அம்மாளுக்குத் திருப்திதான் என்று முகத்திலேயே தெரிந்தது.

"நல்லது. வீட்டுல என்ன பேச்சு பேசுவீங்க?"

வெர்னெலுக்கு மறுபடி ஆத்திரம் வந்தது. பரீட்சை வைத்தும் இவர்களுக்குப் போதவில்லை.

"ஆங்கிலம் மட்டுமே, அம்மையீர்."

"உங்க ஊர்ல கிரியோலும் உண்டுன்னு கேள்விப்பட்டேனே?"

"படிப்பறிவு இல்லாதவர்கள் பேசுவார்கள். எனக்கு அது புரியக்கூடப் புரியாது."

அந்த நேரம் பார்த்து அடுப்படியில் சட்டி சாய்ந்தது. எண்ணெய் கையில் தெறித்து ஒடெட் அலறினாள். சட்டியையும் அடுப்பையும் அவற்றைச் செய்தவனையும் சேர்த்துக் கிரியோலில் திட்டித் தீர்த்தாள். கொஞ்சம் தண்ணீர் கொண்டு வரச் சொல்லிக் கெஞ்சினாள்.

திருமதி ஹாலண்ட் நிமிர்ந்து உட்கார்ந்தார். "யாரு அது?"

எழுந்து ஓடத்தான் வெர்னெலின் கால் துடித்தது. அவள் அசையவில்லை.

"வேலைக்காரி. மன்னியுங்கள், அவளுக்கு நாகரிகம் போதாது."

ஒடெட்டுக்கும் இங்கிலீஷ் தெரியும். அடுப்படிப் பேச்சு சட்டென்று நின்றுபோனது. பிறகு குழாயில் தண்ணீர் விழும் சத்தம் மட்டும் கேட்டது.

திருமதி ஹாலண்ட் பேனாவைக் கீழே வைத்தார். "வருத்தமா இருக்கு வெர்னெல். இந்த வேலையை உங்களுக்குத் தர முடியாது."

அவ்வளவுதான், இத்தனை நாள் அடக்கியதெல்லாம் பொங்கிவிட்டது. ஒரு வேலைக்காரி வாய் திறந்ததற்கு எனக்குத் தண்டனையா என்று கேட்டாள். உங்கள் மொழிக்காகக் கழுத்தில் கட்டை சுமந்தவள் நான் என்றாள். கடைசியில் இதைத்தான் கேட்டாள்:

"என் ஆங்கிலத்தில் என்ன குறை கண்டீர்கள்?"

"ஒரு குறையும் இல்லை. இங்கிலீஷ் பேசுற நர்ஸ் லண்டன்லயே எத்தனையோ பேர் இருக்காங்க. எங்க இல்லத்துல இருக்கறவங்க பாதிப் பேர் இளவயசுல உங்க தீவுலேர்ந்து வந்தவங்க. இப்ப நினைவு தப்பி, இங்கிலீஷ் மொத்தமா மறந்து போச்சு. சின்ன வயசுல பேசின கிரியோல்தான் மிச்சம். தண்ணி கேட்டாக்கூட எங்க யாருக்கும் புரியலை. அதுக்காகத்தான் அங்கேர்ந்து ஆள் தேடறோம்."

வெர்னெல் அடுப்படிப் பக்கம் திரும்பிப் பார்த்தாள்.

திருமதி ஹாலண்ட் கொஞ்சம் தயங்கினார். பிறகு ஆவலோடு கேட்டார்:

"உங்க வேலைக்காரம்மா லண்டன் வரச் சம்மதிப்பாங்களா?"