கரடியின் சிரிப்பு

மிருகங்களெல்லாம் நாடகம் போட்டு, சினிமாவும் எடுத்த ஒரு காலத்திலே, ஒரு காட்டிலே ஒரு கரடி இருந்ததாம். அதற்கு எப்போதும் அப்பா வேஷம்தான். கதை பாதியில் இருக்கும்போதே செத்துப்போகிற அப்பா.

நாடகத்தில் செத்தாலும், கடைசியில் எழுந்து வந்து எல்லோரோடும் சேர்ந்து கும்பிடு போடும். முன்வரிசையில் அதன் மகள், “அப்பா எழுந்துட்டாரு!” என்று கைதட்டும். சினிமாவில் அந்தக் கும்பிடு இல்லை. சாவுக் காட்சியைப் பிடித்து முடித்ததும், பிணமாக நடித்தவர் எழுந்து கேமராவைப் பார்த்து ஒரு தரம் சிரித்துவிட வேண்டும் என்ற வழக்கம் மட்டும் இருந்தது. கரடியும் படத்துக்குப் படம் செத்தது, படத்துக்குப் படம் சிரித்தது. மகளோ அப்பா சாவதைப் பார்க்கமாட்டாமல் கொட்டகைக்கு வருவதையே விட்டுவிட்டது.

ஒருநாள் கரடி, படத்தை வெட்டி ஒட்டும் குரங்கிடம் போனது.

“தம்பி, நான் சிரிச்சதையெல்லாம் ஒண்ணா ஒட்டிக் கொடேன். பொண்ணுக்குக் காட்டணும்.”

“அட போங்கண்ணே! அது திருஷ்டிக்கு எடுக்கிறது. அன்னைக்கே குப்பைக்குப் போயிடும்.”

கரடியின் முகம் வாடியதும் குரங்குக்கு என்னவோ போலாகிவிட்டது.

“வீட்டுக்குப் போய் நேராவே சிரிச்சுக் காட்டுங்களேன். எங்கே, சிரிங்க பார்ப்போம்.”

கரடி வாயை அகட்டிப் பார்த்தது. சிரிப்பு வரவில்லை. கொஞ்சம் யோசித்துவிட்டுத் தரையில் மல்லாந்து படுத்தது. கண்ணை மூடி, மூச்சை அடக்கி, பிறகு கண்ணைத் திறந்தது. அப்போதுதான் வந்தது சிரிப்பு, முகம் கொள்ளாமல்.

“ஆகா! இதையே வீட்டிலயும் செய்யுங்கண்ணே!”

“அவ முன்னாடி போய்ப் படுக்கச் சொல்றியா? வேண்டாம்ப்பா” என்ற கரடி, முதுகுத் தூசியைத் தட்டிக்கொண்டு எழுந்து நடந்தது.